போல்ட் கழன்றும் கியர்பாக்ஸ் வராதது ஏன்?

மாருதி ஆம்னியில் இன்ஜின் முன் சீட்டுக்கு அடியில் இருக்கிறது. கியர்பாக்ஸ் அதன் பின்னால் ஒட்டி நிற்கும். வீட்டு வாசலில் இதை இறக்குகிறவர்கள் ஓரிடத்தில் திணறுவார்கள். போல்ட் எல்லாம் கழன்றாயிற்று, பெட்டி மட்டும் அசையாது.

கியர்பாக்ஸிலிருந்து நீளும் இன்புட் ஷாஃப்ட், கிளட்ச் பிளேட்டின் நடுத்துளைக்குள் பல்லோடு பல் பொருந்தி நுழைந்திருக்கும். அதன் நுனி ஃபிளைவீல் பக்கமுள்ள சின்ன பேரிங்கில் உட்கார்ந்திருக்கும். நேர்கோட்டில் பின்னால் இழுத்தால்தான் வழுக்கி வரும். பின்பக்கம் கொஞ்சம் தாழ்ந்தாலும் பற்கள் இறுகிவிடும். எடை முழுவதும் கிளட்ச் பிளேட்டில் தொங்கி அதை வளைத்துவிடும். அதனால் கியர்பாக்ஸுக்கு ஒரு ஜாக்கி, பிடிமானம் இழந்து சாயும் இன்ஜினுக்கு ஒரு ஜாக்கி. வண்டியைத் தாங்க மட்டும் ஜாக்கியை நம்பக் கூடாது. ஸ்டாண்டு போடாமல் அடியில் படுப்பது முட்டாள்தனம்.

பேட்டரி வயரை முதலிலேயே கழற்றச் சொல்வது ஸ்டார்ட்டரால்தான். அதற்கு வரும் தடித்த கேபிளுக்குப் பெரும்பாலும் ஃப்யூஸ் கிடையாது; ஸ்பேனர் பட்டால் பொறி பறக்கும்.

பிரஷர் பிளேட்டைத் தொடாதவரை, அதன் அழுத்தத்தில் கிளட்ச் பிளேட் நடுவிலேயே நிற்கும். அதைக் கழற்றினால் பிளேட் நழுவும். பழைய இன்புட் ஷாஃப்ட் ஒன்றைச் செருகி நடுப்படுத்திய பிறகே போல்ட்டை முறுக்க வேண்டும்.

திரும்ப மாட்டும்போது கடைசி விரலளவு இடைவெளி அடம்பிடிக்கும். போல்ட்டை முறுக்கியே அதை மூடப் பார்த்தால் அலுமினிய உறை விரிசல் விடும். கியரைப் போட்டு, பின்பக்க ஷாஃப்ட்டைக் கையால் மெல்லத் திருப்பிக்கொண்டே தள்ளினால் பற்கள் பொருந்தி உள்ளே போய்விடும்.