பாம்பு செத்தாலும் விஷம் சாகாது

ஒருவனைப் பாம்பு கடித்துவிட்டது. கூட இருந்தவர்கள் ஓடி வந்து பாம்பை அடித்துக் கொன்றுவிட்டார்கள். அதனால் கடிபட்டவன் பிழைத்துவிடுவானா? மாட்டான். பாம்பு செத்தது வேறு, உடம்பில் ஏறிய விஷம் வேறு. விஷத்துக்குத் தனியாக மாற்று மருந்து போட்டாக வேண்டும்.

சில கிருமி நோய்களும் இப்படித்தான். கிருமி தொண்டையிலோ காயத்திலோ ஓர் ஓரமாக உட்கார்ந்துகொண்டு விஷத்தைக் கக்குகிறது. அந்த விஷம் உடம்பெங்கும் பரவி இருதயத்தையும் நரம்புகளையும் தாக்குகிறது. பென்சிலின் போன்ற மருந்துகள் கிருமியைக் கொன்றுவிடும். ஏற்கெனவே கக்கிய விஷத்தை அவை ஒன்றும் செய்வதில்லை. தொண்டை அடைப்பான் என்னும் டிப்தீரியா, ரணஜன்னி என்னும் டெட்டனஸ், ஆந்த்ராக்ஸ் ஆகியவை இந்த வகையைச் சேர்ந்தவை.

இந்த விஷத்தை மட்டும் குறி வைத்துப் பிடிக்கும் மருந்துகளைக் குதிரையின் தயவு இல்லாமல், தொழிற்கூடத்திலேயே வளர்த்து எடுக்க விஞ்ஞானிகள் கற்றுக்கொண்டுவிட்டார்கள். 'மோனோகுளோனல் ஆன்டிபாடி' என்பது அவற்றின் பெயர். செய்முறை தெரிந்துவிட்டது. செய்த மருந்து, தேவைப்படுகிறவனின் படுக்கைக்கு நேரத்தில் வந்து சேருமா என்பதுதான் இன்றைய கேள்வி.

குதிரை தந்த சீரம்

இதன் தொடக்கம் 1890இல் பெர்லின் நகரில். ராபர்ட் கோக்கின் ஆய்வுக்கூடத்தில் எமில் பெரிங் என்ற ஜெர்மானியரும் கிடசாடோ என்ற ஜப்பானியரும் வேலை செய்துவந்தார்கள். ரணஜன்னி விஷத்தைத் தாங்கிப் பழகிய பிராணியின் ரத்தத்திலிருந்து தெளிந்த நீரை எடுத்து வேறு ஒரு பிராணிக்குச் செலுத்தினார்கள். அந்தப் பிராணியையும் விஷம் ஒன்றும் செய்யவில்லை. ரத்தத்தில் ஏதோ ஒரு பொருள் விஷத்தைக் கட்டிப்போடுகிறது என்று தெரிந்தது. அதுதான் ஆன்டிபாடி, தமிழில் எதிர்ப்பொருள் என்கிறார்கள். மருத்துவத்துக்கான முதல் நோபல் பரிசு 1901இல் பெரிங்குக்குக் கிடைத்தது.

பாரிஸில் டாக்டர் ரூ என்பவர் இதைக் குதிரைகளில் பெரிய அளவில் செய்தார். டிப்தீரியா வந்த குழந்தைகளின் தொண்டையில் சாம்பல் நிறத்தில் ஒரு சவ்வு படர்ந்து மூச்சை அடைக்கும். விஷம் இருதயத்துக்கும் போகும். ஆஸ்பத்திரிக்கு வந்த குழந்தைகளில் பாதிப் பேர் இறந்துகொண்டிருந்த காலம் அது. குதிரைச் சீரம் வந்த பிறகு, 1894இல் அது கால் பங்காகக் குறைந்தது.

நம் நாட்டிலும் மும்பை ஹாஃப்கின் நிலையம், ஹிமாசலப் பிரதேசத்தின் கசௌலியில் உள்ள மத்திய ஆராய்ச்சி நிலையம், சென்னை கிண்டி கிங் நிலையம் ஆகியவற்றில் குதிரைகளிடமிருந்து சீரம் எடுக்கும் வேலை பல காலம் நடந்தது. பாம்புக்கடி மருந்து இன்றும் குதிரையிடமிருந்துதான் வருகிறது.

ஆனால் குதிரைச் சீரத்தில் தொல்லைகள் உண்டு. அது மனித உடம்புக்கு அந்நியப் பொருள். சிலருக்கு ஊசி போட்டவுடனேயே மூச்சுத் திணறல் வரும். சிலருக்குப் பத்து நாள் கழித்துக் காய்ச்சலும் மூட்டு வலியும் தடிப்பும் வரும். அதனால் முதலில் ஒரு சொட்டைத் தோலில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் மருந்தைச் செலுத்துகிறார்கள். அசுத்தம் கலக்கும் அபாயமும் இருந்தது. 1901இல் அமெரிக்காவின் செயின்ட் லூயிஸ் நகரில், பால் வண்டி இழுத்த 'ஜிம்' என்ற குதிரையின் சீரத்தில் ரணஜன்னி விஷம் கலந்திருந்தது தெரியாமல் போய், 13 குழந்தைகள் இறந்தார்கள். மறு வருஷமே இத்தகைய மருந்துகளைக் கட்டுப்படுத்த அங்கே சட்டம் கொண்டுவந்தார்கள்.

சாகாத செல்லோடு ஒரு கலியாணம்

நம் ரத்தத்தில் எதிர்ப்பொருள் செய்யும் செல்கள் கோடிக்கணக்கில் உள்ளன. ஒவ்வொரு செல்லும் ஒரே ஒரு வகையைத்தான் செய்யும். குதிரைச் சீரம் என்பது பல வகை எதிர்ப்பொருள்கள் கலந்த கூட்டம். அதில் விஷத்தைப் பிடிப்பவை கொஞ்சம், மற்றவை வெறும் சுமை. நன்றாகப் பிடிக்கும் ஒரு செல்லை மட்டும் பொறுக்கி எடுத்து வளர்த்தால் என்ன? வளர்க்கலாம், ஆனால் உடம்புக்கு வெளியே அது சில நாட்களில் செத்துவிடும்.

1975இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரில் சீசர் மில்ஸ்டைன், ஜார்ஜ் கோலர் என்ற இரண்டு விஞ்ஞானிகள் இதற்கு வழி கண்டார்கள். புற்றுநோய்ச் செல் சாகாமல் பெருகிக்கொண்டே போகும். எதிர்ப்பொருள் செய்யும் எலியின் செல்லை இந்தப் புற்றுநோய்ச் செல்லோடு இணைத்தார்கள். பிறந்த கலப்புச் செல், ஒரு பக்கத்திலிருந்து தொழிலையும் மறு பக்கத்திலிருந்து ஆயுளையும் சீதனமாக வாங்கிக்கொண்டது. அது பெருகப் பெருக, ஒரே அச்சில் வார்த்தது போன்ற எதிர்ப்பொருள் எவ்வளவு வேண்டுமானாலும் கிடைத்தது. இருவருக்கும் 1984இல் நோபல் பரிசு பங்காகக் கிடைத்தது. இந்தக் கண்டுபிடிப்புக்கு அவர்கள் காப்புரிமை வாங்கவில்லை. உலகம் முழுவதும் அதை எடுத்தாண்டது.

முதலில் எலிச் செல்லில் செய்தவற்றைப் பிற்காலத்தில் மனித எதிர்ப்பொருளாகவே செய்யக் கற்றார்கள். குதிரைச் சீரத்தால் வரும் ஒவ்வாமை இதில் பெரிதும் குறைவு.

விஷத்தைப் பிடிப்பது எப்படி?

பாக்டீரியா விஷம் தானாக ஒன்றும் செய்துவிடாது. முதலில் நம் செல்லின் வெளிச் சுவரில் ஓர் இடத்தைப் பிடித்து ஒட்டிக்கொள்ள வேண்டும். பிறகுதான் உள்ளே நுழைய முடியும். டிப்தீரியா விஷத்துக்கு இரண்டு பாகங்கள். ஒரு பாகம் ஒட்டிக்கொள்ளும்; மற்றது உள்ளே போய், செல் புரதம் செய்யும் வேலையை நிறுத்திவிடும். எதிர்ப்பொருள் அந்த ஒட்டும் இடத்தில் போய் உட்கார்ந்துவிட்டால், விஷம் செல்லைத் தொட முடியாது. ரத்தத்திலேயே சுற்றிவிட்டு ஒழிந்துபோகும்.

ஆனால் ஒரு நிபந்தனை உண்டு. பிளாட்பாரத்தில் நிற்கிறவனை டிக்கெட் கேட்டுத் தடுத்து நிறுத்தலாம். வண்டியில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டவனை, அதுவும் வண்டி புறப்பட்ட பிறகு, என்ன செய்ய முடியும்? விஷம் செல்லுக்குள் நுழைந்த பின் எந்த எதிர்ப்பொருளும் அதை வெளியே இழுக்காது. ஆகவே இந்த மருந்துகளில் நேரம்தான் உயிர். டிப்தீரியா என்று சந்தேகம் வந்தாலே, பரிசோதனை முடிவுக்குக் காத்திராமல் மருந்தைக் கொடுக்க வேண்டும் என்பது டாக்டர்களின் விதி.

வந்த மருந்தும் போன மருந்தும்

2001இல் அமெரிக்காவில் தபால் உறைகளில் ஆந்த்ராக்ஸ் தூளை வைத்து யாரோ அனுப்பினார்கள். 22 பேருக்கு நோய் கண்டது; 5 பேர் இறந்தார்கள். அந்த பயத்தில் அங்கே ஆராய்ச்சிக்குப் பணம் கொட்டியது. ஆந்த்ராக்ஸ் விஷத்தைப் பிடிக்கும் ராக்ஸிபாகுமாப் என்ற மருந்துக்கு 2012இல் அனுமதி கிடைத்தது. மனிதர்களுக்கு நோயை வரவழைத்துச் சோதிக்க முடியாது. அதனால் முயல்களிலும் குரங்குகளிலும் கண்ட பலனை வைத்தே அனுமதி கொடுத்தார்கள். வாங்கியது அமெரிக்க அரசாங்கம். நோயாளி வருவானோ மாட்டானோ, மருந்து கிடங்கில் இருக்க வேண்டும் என்று வாங்கி வைத்தது.

இரண்டாவது கதை வேறு மாதிரி. ஆஸ்பத்திரியில் பலநாள் ஆன்டிபயாடிக் சாப்பிடுகிறவர்களின் குடலில் நல்ல கிருமிகள் அழிந்து, 'டிஃபிசில்' என்ற கெட்ட கிருமி தலையெடுக்கும். அதன் விஷத்தால் கடுமையான வயிற்றுப்போக்கு உண்டாகும். குணமானாலும் திரும்பத் திரும்ப வரும். இந்த விஷத்தைப் பிடிக்கும் பெஸ்லோடாக்சுமாப் என்ற மருந்துக்கு 2016இல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. இரண்டாயிரத்து அறுநூறு பேருக்கு மேல் சோதித்ததில், நூற்றுக்கு 27 பேருக்குத் திரும்பி வந்த நோய், மருந்து போட்டுக்கொண்டவர்களில் சுமார் 17 பேருக்கே வந்தது. பலன் இருந்தது. என்றாலும் 2025 ஜனவரியோடு தயாரித்த கம்பெனி மருந்தை நிறுத்திவிட்டது. அது வியாபார முடிவு.

மூன்றாவது, தொழிலாளிக்கு நெருக்கமானது. துருப்பிடித்த ஆணி குத்தினாலோ, வேலையிடத்தில் காயம் பட்டாலோ வரும் ரணஜன்னிக்கு எதிராக ஒரு மோனோகுளோனல் மருந்துக்குச் சீனா 2025இல் அனுமதி வழங்கியது. இதுவரை அதற்குக் குதிரைச் சீரத்தையோ, மனித ரத்த தானத்திலிருந்து பிரித்த விலை உயர்ந்த மருந்தையோதான் நம்ப வேண்டியிருந்தது.

கையிருப்பு இல்லை

டிப்தீரியாவுக்கு? அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த நிலையம் ஒன்று, குதிரைச் சீரத்துக்குப் பதிலாக ஒரு மனித எதிர்ப்பொருளைக் கண்டுபிடித்து, கினிப்பன்றிகளை அது காப்பாற்றியதை 2013இல் வெளியிட்டது. ஆண்டுகள் பல ஆகியும் அது மருந்துக் கடைக்கு வரவில்லை. வாங்க ஆள் வேண்டுமே! புற்றுநோய்க்கும் மூட்டு நோய்க்கும் இதே வகை மருந்துகள் மாதக்கணக்கில், வருஷக்கணக்கில் லட்சங்களுக்கு விற்கின்றன. டிப்தீரியா மருந்து ஒரே ஒரு முறை போடுவது. அந்த நோய் வருவதும் பெரும்பாலும் ஏழை வீட்டுக் குழந்தைக்கு.

குதிரைச் சீரமும் அருகிவிட்டது. 2015இல் ஸ்பெயினில் ஆறு வயதுச் சிறுவன் ஒருவனுக்கு டிப்தீரியா வந்தபோது நாட்டில் மருந்தே இல்லை. ரஷ்யாவிலிருந்து வரவழைத்தார்கள். சிறுவன் பிழைக்கவில்லை. 2018 செப்டம்பரில் டில்லியில் இருபதுக்கும் மேற்பட்ட குழந்தைகள் இதே நோயால் இறந்தார்கள். அங்கும் மருந்துக் கையிருப்பு தீர்ந்துபோயிருந்தது. இறந்தவர்களில் பலர் பக்கத்து உத்தரப் பிரதேசத்திலிருந்து வந்தவர்கள், தடுப்பூசி போடாதவர்கள்.

வழி இல்லாமல் இல்லை. அதே மாசசூசெட்ஸ் நிலையமும் புனேயில் உள்ள சீரம் இன்ஸ்டிட்யூட்டும் சேர்ந்து செய்த வெறிநாய்க்கடி எதிர்ப்பொருள், 2017இல் இந்தியாவில் பயன்பாட்டுக்கு வந்தது. அங்கே எதிரி விஷமல்ல, வைரஸ். ஆனால் குதிரைச் சீரத்துக்குப் பதில் நம் நாட்டிலேயே இதைச் செய்ய முடியும் என்பது நிரூபணமாகிவிட்டது. ஆந்த்ராக்ஸ் பயத்தில் அமெரிக்க அரசு செய்ததைப்போல, 'விற்றாலும் விற்காவிட்டாலும் நாங்கள் வாங்கி வைக்கிறோம்' என்று டிப்தீரியா மருந்துக்கு அரசுகள் சொன்னால் தவிர எந்தக் கம்பெனியும் கை வைக்காது.

அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்

அதுவரை ஏழைக்கு இருக்கும் காவல் தடுப்பூசி ஒன்றுதான். முத்தடுப்பு ஊசியில் டிப்தீரியாவுக்கும் ரணஜன்னிக்கும் எதிராக இருப்பது, பல்லைப் பிடுங்கிய பாம்பு மாதிரி, வீரியம் போக்கிய விஷம். அதைப் பார்த்துப் பழகி, உடம்பு தானே எதிர்ப்பொருளைச் செய்து வைத்துக்கொள்கிறது. கம்பெனி லட்சக்கணக்கில் விலை வைக்கும் சரக்கை உடம்பு சொந்தச் செலவில் செய்துகொள்கிறது எனலாம்.

குழந்தை பிறந்து 6, 10, 14ஆவது வாரங்களில் ஊசி. ஒன்றரை வயதை ஒட்டி ஒன்று, ஐந்து வயதுக்கு மேல் ஒன்று, பத்து வயதிலும் பதினாறிலும் ஒவ்வொன்று. பிழைப்புக்காக ஊர் விட்டு ஊர் மாறும் குடும்பங்களில் தவறிப்போவது பெரும்பாலும் இந்தப் பின்னால் வரும் ஊசிகள்தான். முதல் மூன்றை ஊரில் போட்டிருப்பார்கள். அடுத்ததற்குள் வேலை வேறு மாநிலத்தில். அட்டை பாட்டி வீட்டுப் பெட்டியில்.

அரசு சுகாதார நிலையங்களில் இந்த ஊசிகள் இலவசம். ரேஷன் கார்டு எந்த ஊரில் இருந்தாலும் ஊசி போட்டுக்கொள்ளலாம். அடுத்த முறை ஊருக்குப் போகும்போது, திரும்பும் மூட்டையில் ஊறுகாயோடு அந்த அட்டையையும் எடுத்து வையுங்கள்.