திரையில் இல்லாத விழுப்புரத்துப் பெண்

விழுப்புரம் தனி மாவட்டமானது 1993 செப்டம்பரில். சன் டிவி பிறந்ததும் அதே ஆண்டு ஏப்ரலில்தான். 2006 தேர்தலுக்குப் பிறகு அரசின் இலவச கலர் டிவி குடிசை வீடுகளுக்கும் வந்துவிட்டது. இந்த மாவட்டத்தில் ஒரு தலைமுறைப் பெண்கள் சின்னத்திரையைப் பார்த்தே வளர்ந்தார்கள். ஆனால் அந்தத் திரையில் அவர்கள் இல்லை.

மரக்காணம் உப்பளங்களில் வெயில் ஏறுவதற்குள் உப்பைக் கூடையில் வாரித் தலையில் சுமப்பவர் பெண். திண்டிவனம் பக்கம் மல்லாட்டை எனும் நிலக்கடலைச் செடியைக் குவித்துவைத்து, விரல் நுனி மண்ணேற ஆய்பவரும் பெண். வேலை முடிந்து இலவசப் பேருந்தில் ஊர் திரும்பும்போது சாலையோரப் பலகைகளில் அவர் பார்ப்பது, வெயில் படாத மேனியில் நகை பூட்டிய மணப்பெண்ணை. பிரபலமான ஒரு சிவப்பழகு க்ரீம் 1975-இல் சந்தைக்கு வந்தது. அதன் பெயரிலிருந்த ‘ஃபேர்’ என்ற சொல்லை எடுக்க 2020 வரை ஆனது. கறுத்த பெண்ணுக்கு வேலையும் வரனும் கிடைக்காது என்று 45 ஆண்டுகள் பயமுறுத்தியது அதன் விளம்பரம். நம் மண்ணின் நிறத்துக்குச் செய்த அவமானம் என்றே அதைச் சொல்வேன்.

சலவைத்தூள் விளம்பரத்தில் சட்டைக் கறைக்குக் கவலைப்படுவதும் மனைவிதான். 2024-ஆம் ஆண்டு நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் வீட்டு வேலையில் ஈடுபடும் பெண் நாளொன்றுக்கு 289 நிமிடம் அதில் செலவிடுகிறார். ஆண் 88 நிமிடம்தான். இந்த ஏற்றத்தாழ்வை விளம்பரம் உருவாக்கவில்லை. ஆனால் அதுதான் முறை என்று தினமும் ஓதுகிறது.

சீரியல்களை மொத்தமாகத் தூற்ற எனக்கு மனமில்லை. படித்த மருமகள்களை அடுப்படியில் அடைத்த குடும்பத்தின் கதைதான் ‘எதிர்நீச்சல்’. பெண்கள் அதைத் தங்கள் கதையாகவே பார்த்தார்கள். ஆனாலும் மீம்ஸாக ஊரெல்லாம் சுற்றியது, அந்த மருமகள்களை அடக்கிய ஆதி குணசேகரனின் வசனங்கள்தான்!

டிவியால் நல்லதும் முடியும். பொருளாதார ஆய்வாளர்கள் ராபர்ட் ஜென்சன், எமிலி ஆஸ்டர் இருவரும் தமிழ்நாடு உள்ளிட்ட சில மாநிலங்களில் ஆராய்ந்து 2009-இல் வெளியிட்ட முடிவு இது: கேபிள் வந்த கிராமங்களில், கணவன் அடிப்பதை நியாயம் என்று சொன்ன பெண்கள் குறைந்தார்கள்; ஆண் பிள்ளைதான் வேண்டும் என்ற ஆசையும் தணிந்தது. இவ்வளவு வலிமையுள்ள கருவியைத்தான் மாமியார் சூழ்ச்சிக்கும் முகப்பூச்சுக்கும் வீணடிக்கிறோம்.

பெண்ணை இழிவாகச் சித்தரிப்பதைத் தடுக்க 1986-லேயே சட்டம் வந்துவிட்டது. ஆண், பெண் குறித்த தீங்கான வார்ப்புகளுக்கு எதிராக இந்திய விளம்பரத் தர நிர்ணயக் குழுமமும் 2022-இல் நெறிமுறை வகுத்தது. யார் வேண்டுமானாலும் அங்கே கட்டணமில்லாமல் புகார் செய்யலாம். மனம் குமுறவைக்கும் விளம்பரம் வந்தால் சேனலை மாற்றிவிட்டு மறந்துவிடாதீர்கள், புகார் எழுதுங்கள்.