அச்சில் வார்த்த பொம்மைகளா நம் பிள்ளைகள்?



விருத்தாசலம் பீங்கான் தொழிலுக்குப் பெயர் பெற்ற ஊர் என்பதை அறிவீர்கள். பிளாஸ்டர் அச்சினுள் களிமண் கூழை ஊற்றி அங்கே பொம்மைகள் வார்க்கின்றனர். ஓர் அச்சில் வார்த்தவை யாவும் ஒரே அளவினவாய் வெளிவரும். மண்ணுக்கு அது சிறப்பு. மனித உடலுக்கும் அப்படி ஓர் அச்சு உண்டா?

பஹாமாஸ் தீவுகளில் பிறந்து அமெரிக்காவில் வாழும் ஜெனீன் அன்டோனி என்ற பெண் கலைஞர், 1992-ஆம் ஆண்டில் இக்கேள்வியை விந்தையானதொரு முறையில் எழுப்பினார். சுமார் 272 கிலோ எடையுள்ள சாக்லேட் கட்டியொன்றையும், அதே எடையுள்ள பன்றிக் கொழுப்புக் கட்டியொன்றையும் தம் பற்களாலேயே கடித்தெடுத்தார். கடித்ததை விழுங்காமல் துப்பினார். துப்பிய சாக்லேட்டை உருக்கி, மிட்டாய்ப் பெட்டிக்குள் வைக்கும் இதய வடிவத் தட்டுகளைச் செய்தார். கொழுப்பைக் கொண்டு உதட்டுச் சாயங்கள் செய்தார். அவற்றைக் கடைச்சரக்குப் போலக் கண்ணாடிப் பேழையில் அடுக்கினார். உண்ணும் ஆசையைத் தூண்டும் சந்தையே, உண்ட உடலை வெறுக்கவும் கற்பிக்கிறது என்பதை அதில் காணலாம்.

பன்றிக் கொழுப்பு நமக்கு விலக்கப்பட்டது. ஆயினும், அந்தக் கேள்வி நம் வீட்டுக்கும் உரியதே. மெலிய வேண்டுமென்று உணவை ஒதுக்கும் மகளைக் கவனித்தீர்களா? விருந்தில் அவளைக் "குண்டு" என்று கேலி செய்தவர் யார்?

சஹனைச் சுற்றி அமர்ந்து உண்ணும் வழக்கமுடையோர் நாம். அங்கே எவருடைய எடையையும் பார்த்து இடம் தருவதில்லை. மகளின் பட்டினி நீடித்தால் தயங்காமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். கேலியை இன்றே நிறுத்துங்கள்.