கொட்டாஞ்சேனை மணியும் வெள்ளிக்கிழமைப் புலியும்

பலர் ஒரே உணர்ச்சியில் ஒன்றுபட்டால் அவர்களைச் சூழ்ந்த உலகமே அவ்வுணர்ச்சியின் வடிவத்துக்கு மாறிவிடும் என்பது கனவுலகக் கதைகளில் அடிக்கடி வரும் கற்பனை. விழித்திருக்கும் உலகில் மலைகள் அவ்வாறு நகர்வதில்லை என்றாலும், மனிதர் ஒரு நிலைமையை உண்மையென நம்பிவிட்டால் அதன் விளைவுகள் உண்மையாகவே நிகழ்ந்துவிடும் என்று வில்லியம் தோமஸ், டொரதி தோமஸ் ஆகிய அமெரிக்கச் சமூகவியலாளர்கள் 1928இல் எழுதினார்கள். அதற்கு முன்பே, 1912இல், பிரெஞ்சு அறிஞர் எமில் டர்கைம், கூடியிருப்போர் ஒருவர் உணர்ச்சியால் மற்றவர் தூண்டப்பட்டுத் தம்மை மீறிய ஆற்றலொன்றை உணரும் நிலையைக் 'கூட்டுக் கொந்தளிப்பு' என்ற கருத்தால் விளக்கினார். செட்டியார் தெருவிலிருந்து புறப்படும் ஆடிவேல் தேர் காலி வீதிக்கு வரும்போது, வாகனங்களுக்குரிய அந்த வீதி சில மணிநேரம் கோயில் வீதியாகிவிடுவதைப் பார்த்த கொழும்புவாசிகளுக்கு இது புதிய செய்தியல்ல.

ஆனால் கொந்தளிப்பு எப்போதும் தேர் இழுப்பதில்லை. 1883 மார்ச் 25, உயிர்த்த ஞாயிறு அன்று, பௌத்த துறவி மிகெட்டுவத்தே குணானந்த தேரரின் விகாரையான, கொழும்புக் கொட்டாஞ்சேனையிலுள்ள தீபதுத்தாராமயவை நோக்கிப் பௌத்த ஊர்வலமொன்று வந்துகொண்டிருந்தது. கன்னி மரியாளை இழிவுபடுத்தும் உருவங்களை ஊர்வலத்தார் சுமந்து வருகிறார்கள் என்ற வதந்தி அதற்கு முன்னே ஓடியது. ஆலய மணிகள் ஒலித்தன. வெள்ளைக் களிமண்ணால் சிலுவைக் குறியிட்டுக்கொண்ட கத்தோலிக்கர் தடிகளுடன் திரண்டனர். மோதலில் ஒருவர் இறந்தார், பலர் காயமுற்றனர். போதிய சான்றில்லை என்று குற்றவாளிகள் எவரும் தண்டிக்கப்படாததால், பௌத்தர்களின் முறையீட்டுடன் பிரம்மஞான சபையின் கேணல் ஒல்கொட் 1884இல் இலண்டன் சென்றார். மறு ஆண்டே வெசாக் பொது விடுமுறையானது. இன்று உலகெங்கும் பறக்கும் பௌத்தக் கொடி 1885 ஏப்ரல் 28இல் அதே கொட்டாஞ்சேனை விகாரையில் ஏற்றப்பட்டது. ஒரு வதந்தியில் தொடங்கிய நிகழ்வு நாட்காட்டியையே மாற்றிவிட்டது என்றால் அது மிகையில்லை.

சரியாக நூறாண்டு கழித்து நடந்தது இதைவிடக் கொடியது. 1983 ஜூலை 29, வெள்ளிக்கிழமை, தமிழருக்கு எதிரான கறுப்பு ஜூலை வன்முறை ஓரளவு தணிந்துவிட்டதாகப் பலர் எண்ணியிருந்த வேளையில், தமிழ்ப் போராளிகளான புலிகள் கொழும்புக்குள் புகுந்துவிட்டார்கள் என்ற பேச்சு புறக்கோட்டைப் பகுதியிலிருந்து பரவியது. அலுவலகங்களையும் கடைகளையும் விட்டுச் சிங்கள மக்கள் உயிருக்கு அஞ்சி ஓடினர், வீதிகள் அடைபட்டன. மிரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள்; மிரண்டது ஒருவனல்ல, ஒரு நகரம் என்பதால், அன்று வீதியில் அகப்பட்ட தமிழரெல்லாம் புலிகளாகத் தெரிந்தனர். ஓடியவர்களிற் சிலரே தடியும் கத்தியுமாகத் திரும்பிவந்து வாகனங்களை மறித்துத் தமிழரைத் தேடிக் கொன்றனர். வந்த புலி எதுவுமில்லை. இறந்தவர்கள் மட்டும் உண்மை.

பொய்யான நம்பிக்கையொன்று, அதை நம்புவோரின் செயல்களினாலேயே மெய்யாகிவிடுவதைத் 'தன்னைத் தானே நிறைவேற்றும் கணிப்பு' என்று சமூகவியலாளர் ரொபர்ட் மேர்ட்டன் 1948இல் விளக்கினார். முறிந்துவிடும் என்ற வதந்தியால் எல்லோரும் பணத்தை எடுக்க ஓட, உண்மையிலேயே முறியும் வங்கி அவருடைய உதாரணம். 1983க்கு முன் சிறு குழுக்களாக இருந்த தமிழ்ப் போராளி இயக்கங்களில் அவ்வாண்டு ஜூலைக்குப் பிறகு ஆயிரக்கணக்கான இளைஞர் சேர்ந்தனர் என்பதையும் இங்கே வைத்துப் பார்க்கலாம்: கொழும்பு அன்று எதற்கு அஞ்சியதோ, அதை வளர்த்துவிட்டதில் அந்த அச்சத்துக்கும் பங்குண்டு.

ஆனால் எல்லாவற்றையும் கூட்டு உணர்ச்சியால் விளக்குவதில் ஒரு வழுக்கலும் உண்டு. இலங்கையில் பிறந்து ஹாவர்டில் பேராசிரியராயிருந்த மானிடவியலாளர் எஸ். ஜே. தம்பையா, 1996இல் வெளிவந்த நூலொன்றில் 1983 கலவரத்தையும் ஆராய்ந்தார். ஓர் உள்ளூர்ச் சம்பவம் அதன் சூழலிலிருந்து படிப்படியாகப் பிய்க்கப்படுவது ஒரு படி என்றும், பிறகு அது இனம், மதம் போன்ற பெரிய காரணமொன்றோடு ஒட்டப்பட்டு மதிப்பில் உயர்த்தப்படுவது அடுத்த படி என்றும் அவர் காட்டினார். இந்தப் பிய்த்தலும் ஒட்டலும் தாமாக நடப்பவையல்ல, அவற்றைச் செய்வோர் இருக்கிறார்கள் என்பதே இங்கு முக்கியம். ஜூலை 28 அன்று நாட்டுக்கு உரையாற்றிய ஜனாதிபதி ஜே. ஆர். ஜயவர்த்தன, நடந்தவற்றைச் சிங்கள மக்களின் பொதுவான எழுச்சியாகவே சித்திரித்தார். உணர்ச்சியைக் குற்றவாளியாக்கினால் வேறு எவரையும் கூண்டில் ஏற்ற வேண்டியதில்லை அல்லவா? வெள்ளவத்தையின் ஒழுங்கைகளில் அந்த வாரம் வந்தவர்களோ கொந்தளிப்பை மட்டும் கொண்டுவரவில்லை. அவர்கள் கையில் வாக்காளர் பட்டியல் இருந்தது. எந்த வீட்டில் தமிழர் இருக்கிறார்கள் என்று அதைப் பார்த்தே அவர்கள் கதவைத் தட்டினார்கள்.