முறிந்த கழுத்தும் ஏழாம் எழுத்தும்

அமெரிக்க மருத்துவ ஏடுகளைக் குறியீடாக மாற்றும் பணியில் பெங்களூர், ஐதராபாத் நகரங்களில் தமிழ் இளைஞர் பலர் ஈடுபட்டுள்ளனர். அப்பணியில் ஓர் எழுத்துக்குள்ள பொறுப்பைக் கழுத்தெலும்பு முறிவு நன்கு விளக்கும்.

2015 அக்டோபர் முதல் அந்நாட்டில் வழங்கும் ஐ.சி.டி.-10-சி.எம். முறையில் இம்முறிவு ‘எஸ்12’ என்னும் தொகுதியைச் சாரும். அடுத்த இலக்கம், கழுத்து முள்ளெலும்புகள் ஏழனுள் முறிந்தது எது என்பதைக் காட்டும். 0 முதலாவது, 6 ஏழாவது. ஏழாம் இடத்து எழுத்தோ சிகிச்சையின் கட்டத்தைக் கூறும். தோல் கிழியாத முறிவுக்கு நேரடிச் சிகிச்சை நடைபெறுங்கால் ‘ஏ’. பின்னர் எலும்பு இயல்பாகக் கூடிவருங்கால் ‘டி’. கூடுதல் தாமதமாயின் ‘ஜி’. கூடாமலே நின்றால் ‘கே’.

இவ்வெழுத்து வருகையை எண்ணுவது என்று சிலர் கருதுவர், அவ்வாறன்று. நோயாளி புதிய மருத்துவரிடம் முதன்முறை சென்றாலும், கூடிவரும் எலும்பை எக்ஸ்ரேயில் சோதிக்கவே சென்றிருப்பின் ‘டி’யே பொருந்தும். பொதுவான பிற்கவனிப்புக்குரிய ‘இசட்’ குறியீடுகள் இங்குச் செல்லா.

கூடாத எலும்புக்கு ‘டி’ இட்டால், ஏடு நலமென்று பொய்யுரைக்கும். அடுத்த மருத்துவரும் காப்பீட்டு நிறுவனமும் அதனையே நம்பக்கூடும். ஆதலின் வருகையை எண்ணாது, மருத்துவர் எழுதிய குறிப்பைப் படித்தே எழுத்தை இடுதல் வேண்டும்.