லேசருக்கு எம்புட்டு ஆகும்?

கண்ணாடியைக் கழற்றிவிட வழி கேட்டு, கண்ணாடிக்கடைக்கே வருகிறார்கள். மதுரை டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் கடை வைத்திருக்கும் எனக்கு இது பழகிப்போன சங்கதி. மேலூரிலிருந்தும் உசிலம்பட்டியிலிருந்தும் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு வருவார்கள். பவர் பார்த்து, பிரேம் எடுத்து, பில் போடும் நேரத்தில் அம்மாக்காரி குரலைத் தாழ்த்துவார்: "அண்ணே, இந்த லேசருக்கு எம்புட்டு ஆகும்?" பெண் பிள்ளை என்றால் வீட்டில் வரன் பார்க்கத் தொடங்கிவிட்டார்கள் என்று புரிந்துகொள்வேன். பையன் என்றால் போலீஸ் வேலை, இல்லாவிட்டால் ரயில்வே.

என் பிழைப்பில் மண் போடும் கேள்விதான். இருந்தாலும் தெரிந்ததைச் சொல்லித்தான் அனுப்புகிறேன். இரண்டு கண்ணுக்கும் சேர்த்து முப்பதாயிரம் ரூபாய் அளவில் முடித்துத் தரும் இடம் உண்டு. ஒரு லட்சத்தைத் தாண்டிக் கேட்கும் இடமும் உண்டு. இதைக் கேட்டதும் அடுத்த கேள்வி வந்துவிடும். "எங்க அப்பத்தாவுக்குப் புரை எடுத்தப்ப ஒத்தப் பைசா வாங்கலையே, இதுக்கு மட்டும் ஏன் லட்சம்?"

மதுரைக்காரர் கேட்க வேண்டிய கேள்விதான் அது. அரசுப் பணியிலிருந்து ஓய்வு பெற்ற டாக்டர் ஜி. வெங்கடசாமி 1976இல் 11 படுக்கைகளோடு அரவிந்த் கண் மருத்துவமனையை இங்கேதான் தொடங்கினார். முடக்குவாதத்தில் கோணிப்போன விரல்களை வைத்துக்கொண்டே லட்சம் அறுவைகளுக்கு மேல் செய்தவர். கட்ட முடிந்தவர் கட்டும் பணத்தில் கட்ட முடியாதவருக்கும் வைத்தியம் என்பது அங்கே அன்றிலிருந்து நடைமுறை. கிராமத்துப் பெண்களைச் சேர்த்துப் பயிற்சி கொடுத்து, டாக்டர் மட்டுமே செய்யக்கூடிய வேலையை மட்டும் டாக்டரிடம் விட்டார்கள். ஒரு மேஜையில் அறுவை முடியும்போது பக்கத்து மேஜையில் அடுத்தவர் தயாராகப் படுத்திருப்பார். இத்தனை செய்தும் ஒரு செலவு மட்டும் இறங்க மறுத்தது. கண்ணுக்குள் வைக்கும் லென்ஸ் வெளிநாட்டிலிருந்து வந்தது, ஒன்று நூறு டாலர் அளவில். 1992இல் ஆரோலேப் என்ற பெயரில் மதுரையிலேயே லென்ஸ் செய்யத் தொடங்கிய பிறகு அது பத்து டாலர் அளவுக்கு வந்தது, பின்னால் இன்னும் குறைந்தது. இன்று சிவகங்கை சாலையில் வீரபாஞ்சானில் இருக்கும் அந்த ஆலையிலிருந்து உலகமெங்கும் லென்ஸ் போகிறது.

தரும சிந்தனை மட்டும் புரை வைத்தியத்தை மலிவாக்கவில்லை. ஓயாத கூட்டமும், உள்ளூரிலேயே செய்த லென்ஸும் சேர்ந்துதான் விலையை இறக்கின. லேசரில் இரண்டுமே கிடையாது. புரையை எடுக்காமல் விட்டால் பார்வை போய்விடும். கிட்டப்பார்வைக்காரருக்கு என் கடையில் ஆயிரம் ரூபாய்க் கண்ணாடி போதும், அவர் பாட்டுக்குப் பஸ் ஓட்டலாம், பரீட்சை எழுதலாம். ஆகவே இலவச முகாமில் லேசருக்கு இடமில்லை, இருக்கவும் கூடாது என்பேன். இயந்திரமோ ஜெர்மனியிலிருந்தோ அமெரிக்காவிலிருந்தோ கோடிக்கணக்கில் விலை கொடுத்து வர வேண்டியது. அதற்கு ஒரு வீரபாஞ்சான் இன்னும் பிறக்கவில்லை.

வேடிக்கை என்னவென்றால், இந்த லேசர் வைத்தியத்தின் வேரில் இருப்பவர் சென்னைப் பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கியவர். ரங்கசாமி சீனிவாசன் என்று பெயர். அமெரிக்காவில் ஐபிஎம் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்தார். 1981 நவம்பரில், நன்றி நவிலும் நாள் விருந்தில் மிஞ்சிய வான்கோழித் துண்டைக் கொண்டுவந்து, எக்சைமர் லேசரின் புற ஊதாக் கதிரை அதன்மேல் பாய்ச்சிப் பார்த்தார். 193 நானோமீட்டர் அலைநீளம். பட்ட இடம் துல்லியமாகச் செதுக்கிக்கொண்டு போனது, சுற்றியிருந்த திசு கருகவில்லை. சில ஆண்டுகளில் ஸ்டீபன் டிரோக்கல் என்ற கண் மருத்துவர் அவரோடு சேர்ந்து, இதைக் கருவிழியில் பயன்படுத்தலாம் என்று காட்டினார். சீனிவாசனுக்கும் கூட்டாளிகள் இருவருக்கும் 2013இல் அதிபர் ஒபாமா பதக்கம் அணிவித்தார். நம் ஊர்ப் படிப்பு, அவர்கள் ஊர்க் காப்புரிமை.

காப்புரிமைதான் விலைக்கதையின் அடுத்த பக்கம். 1990களில் அமெரிக்காவில் இரண்டு நிறுவனங்கள் தங்கள் காப்புரிமைகளை ஒன்றாகப் போட்டு, ஒவ்வொரு முறை லேசர் பாய்ச்சுவதற்கும் 250 டாலர் வசூலித்தன. இயந்திரத்தை டாக்டர் முழு விலை கொடுத்து வாங்கியிருப்பார். ஆனாலும் கப்பலூர் சுங்கச்சாவடி மாதிரி, தாண்டும்போதெல்லாம் கட்ட வேண்டும். 1998இல் அந்நாட்டு வணிக ஆணையம் வழக்குப் போட்டது. 2000இல் ஒரு நிறுவனம் கட்டணத்தை 100 டாலராகக் குறைத்தது. அந்தப் பழக்கம் இன்னும் முற்றாகப் போய்விடவில்லை. இன்றைய புது வகை லேசர்களில் கண்ணைப் பிடித்துக்கொள்ளும் முனை ஒருவருக்கு ஒரு தடவை மட்டும். சிலவற்றில் அந்த முனையோடு உரிமக் கட்டணமும் சேர்ந்தே வரும். உங்கள் பில்லில் இதற்குத் தனி வரி இருக்காது. 'பேக்கேஜ்' என்ற ஒற்றைச் சொல்லுக்குள் அடங்கியிருக்கும்.

எக்சைமர் லேசருக்கு ஆர்கான், ஃப்ளூரின் கலந்த வாயு சிலிண்டர் வேண்டும். அறையின் வெப்பமும் ஈரப்பதமும் ஏறி இறங்கினால் செதுக்கும் அளவே மாறக்கூடும் என்பதால் ஏசி ஓய்வெடுக்கக் கூடாது. சித்திரை வெயிலில் மதுரையில் அதன் மின்கட்டணத்தை நினைத்துப் பாருங்கள். வருடாந்திரப் பராமரிப்பு ஒப்பந்தம் வேறு. ஒரு கண்ணில் லேசர் வேலை செய்வது சில நொடிகள்தான். "ரெண்டு நிமிச வேலைக்கு எண்பதாயிரமா?" என்று கொதிப்பவர்கள், நாள் முழுக்கச் சும்மா இருந்தாலும் தின்றுகொண்டிருக்கும் இயந்திரத்துக்குத்தான் காசு போகிறது என்று தெரிந்துகொள்ள வேண்டும். நோயாளிகள் நிறைய வரும் இடத்தில் விலை குறைவதும், குறைவாக வரும் இடத்தில் ஏறுவதும் இதனால்தான்.

வகைக்கு ஏற்பவும் விலை மாறும். பிஆர்கே என்பது பழையது. கருவிழியின் மேல்தோலை நீக்கிவிட்டு நேராக லேசர் பாய்ச்சுவார்கள். ஒரே இயந்திரம், விலை குறைவு. இரண்டு மூன்று நாள் வலி இருக்கும், பார்வை மெதுவாகத் தெளியும். லேசிக்கில் முதலில் ஒரு மெல்லிய மூடியைச் சீவித் திறந்து, உள்ளே செதுக்கி, திரும்ப மூடுவார்கள். மூடியைப் பிளேடால் சீவினால் ஒரு விலை. இன்னொரு லேசரால் சீவினால், இரண்டு இயந்திரம் என்பதால், கூடுதல் விலை. ஸ்மைல் என்பதில் மூடியே கிடையாது. உள்ளுக்குள் ஒரு சின்ன வில்லையை லேசரால் வரைந்து, சில மில்லிமீட்டர் துளை வழியே உருவி எடுத்துவிடுவார்கள். பெரும்பாலும் இதுதான் விலை உயர்ந்தது. கான்டூரா என்று விளம்பரத்தில் வருவது லேசிக்கின் ஒரு ரகம். விலை கூடினால் உங்கள் கண்ணுக்கு நல்லது என்று அர்த்தமில்லை. கருவிழி மெலிந்த சிலருக்கு டாக்டரே பழைய பிஆர்கேயைத்தான் சொல்வார். ஆறு மாதம் கழித்துப் பார்த்தால் பலருக்குப் பார்வையில் பெரிய வித்தியாசம் இருப்பதில்லை.

மற்றதையெல்லாம் விட நான் அழுத்திச் சொல்வது பரிசோதனையை. கருவிழியின் தடிமன் சராசரியாக அரை மில்லிமீட்டரைச் சற்றுத் தாண்டும், 520, 540 மைக்ரான் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பவரைக் குறைக்க ஏறத்தாழ 12 முதல் 15 மைக்ரான் செதுக்க வேண்டும். மைனஸ் ஐந்து பவர் உள்ள பிள்ளைக்கு 70 மைக்ரான், மேல் மூடிக்கு 110. 520இல் கழித்தால் 340 மிஞ்சும், கவலையில்லை. மைனஸ் ஒன்பது பவரும் 490 மைக்ரான் கருவிழியும் உள்ளவருக்கு 250ஐ ஒட்டி வந்து நிற்கும். அதற்குக் கீழே போகக்கூடாது என்பது பொதுவான எல்லை, 300ஆவது மிஞ்சட்டும் என்பார்கள் எச்சரிக்கையான டாக்டர்கள். மீறிச் செதுக்கினால் கருவிழி பின்னாளில் வலுவிழந்து முன்னே புடைக்கலாம். தடிமன் போதுமானதாக இருந்தும் வடிவம் சரியில்லாமல் போவதுண்டு. தூசியிலும் அலர்ஜியிலும் சின்ன வயதிலிருந்தே கண்ணைக் கசக்கிப் பழகியவர்களிடம் கருவிழி கூம்பி வருவது கூடுதல். கண்ணாடிக்கடையில் இதைக் கண்டுபிடிக்க முடியாது. கருவிழி ஸ்கேனில்தான் தெரியும்.

என் தங்கை மகனுக்கு அப்படித்தான் ஆனது. பெரியார் பஸ் ஸ்டாண்டில் கொடுத்த நோட்டீஸைக் காட்டி, பரிசோதனை அன்றைக்கே அறுவையும் அன்றைக்கே, சலுகை விலை என்றான். அங்கே போகுமுன் வேறோர் இடத்தில் முழுப் பரிசோதனை செய்துகொள் என்று தள்ளிவிட்டேன். சாயங்காலம் போன் வந்தது.

"மாமா, லேசரே கூடாதுன்னுட்டாங்க. கருவிழி கூம்புற மாதிரி இருக்காம். டெஸ்ட்டுக்குக் கட்டுன காசு தண்டமாப் போச்சு."

"போடா, நீ செலவழிச்சதுல உருப்படியான காசு அதுதான்."

இன்று அவன் ஆறு மாதத்துக்கு ஒருமுறை ஸ்கேன் எடுத்துக்கொண்டு, கண்ணைக் கசக்காமல், கண்ணாடியோடு நன்றாக இருக்கிறான்.

காப்பீடு தருமா என்றும் கேட்கிறார்கள். பொதுவான மருத்துவக் காப்பீட்டில் 7.5க்குக் குறைந்த பவருக்குச் செய்யும் பார்வைத் திருத்தம் விலக்கப்பட்டிருக்கிறது. அதற்கு மேல் பவர் உள்ளவர்கள் பாலிசியைப் படித்துப் பார்க்கலாம். மற்றவர்கள் கைக்காசைத்தான் எடுக்க வேண்டும்.

ரயில்வேக்குப் படிக்கும் பையன்களிடம் மட்டும் சத்தம் போட்டே சொல்கிறேன். லோகோ பைலட் வேலைக்கு லேசர் செய்த கண்ணை ரயில்வே ஏற்பதில்லை. கடன் வாங்கிச் செய்துவிட்டு, மருத்துவத் தேர்வில் கழித்துக்கட்டப்பட்டால் அந்தப் பணத்தை யார் தருவார்? எந்த வேலைக்கு என்ன விதி என்று அறிவிப்பைப் படித்த பிறகு ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

வயது இன்னொரு கணக்கு. பதினெட்டு முடிந்து, ஒரு வருடமாவது பவர் ஏறாமல் நின்றிருந்தால்தான் லேசர். ஏறிக்கொண்டிருக்கும்போது செய்தால் மறுபடியும் கண்ணாடிதான். நாற்பதை நெருங்கியவர்கள் இன்னும் யோசிக்க வேண்டும். தூரப் பார்வை தெளிந்தாலும் வெள்ளெழுத்து வராமல் இருக்காது. பேப்பர் படிக்கக் கண்ணாடி வேண்டும் என்று என் கடைக்குத்தான் வருவார்கள். எனக்கு நட்டமில்லை.

வியாபாரியாக ஒரு கணக்கும் சொல்லிவிடுகிறேன், என் சார்பைக் கழித்துக்கொண்டு படியுங்கள். இரண்டு வருடத்துக்கு ஒருமுறை இரண்டாயிரம் ரூபாய்க் கண்ணாடி என்றால், எண்பதாயிரத்துக்கு எண்பது வருடம் கண்ணாடி போடலாம். காசை மட்டும் பார்த்தால் லேசர் ஜெயிக்கவே முடியாது. காண்டாக்ட் லென்ஸ்காரருக்கு வேறு. லென்ஸும் கழுவும் திரவமும் மாதம் ஆயிரம் என்று வைத்தால், ஏழு வருடத்துக்குள் அதே எண்பதாயிரம் போயிருக்கும். மழையில் வண்டி ஓட்டுபவர், கபடி ஆடுபவர், காலையில் எழுந்ததும் கண்ணாடியைத் தடவித் தேடும் மைனஸ் ஆறு பவர்க்காரர் இவர்களுக்கு லேசர் தரும் நிம்மதிக்கு நான் விலை போட முடியாது. மாப்பிள்ளை வீட்டாருக்காக மட்டும் என்றால், அந்தக் காசைப் பெண்ணின் பெயரில் வங்கியில் போடுங்கள் என்பேன். இதைச் சொல்லி இரண்டு வாடிக்கையாளர்களை இழந்திருக்கிறேன்.

சரி, செய்வதென்று முடிவாகிவிட்டால் விலை கேட்கும்போது சிலதைச் சேர்த்துக் கேளுங்கள். சொன்ன தொகை ஒரு கண்ணுக்கா, இரண்டுக்குமா? பரிசோதனைக் கட்டணம் அதில் சேர்ந்ததா, லேசர் கூடாது என்று முடிவானால் எவ்வளவு கட்ட வேண்டும்? பிறகு மாதக்கணக்கில் கண் உலர்ந்து எரிவது சகஜம், கருவிழி நரம்புகள் திரும்ப வளர வேண்டும், அதற்கான சொட்டு மருந்து யார் செலவு? கொஞ்சம் பவர் மிஞ்சினால் திருத்தித் தருவார்களா, எத்தனை காலத்துக்குள்? செய்யும் டாக்டரேதான் பின்னாலும் பார்ப்பாரா? இவற்றுக்கு எழுத்தில் பதில் தராத இடத்தின் மலிவு விலையை நான் மலிவு என்று எண்ணமாட்டேன்.

அறுவைக்கு முந்தைய பவர், கருவிழி அளவு எழுதிய காகிதங்களை வாங்கிப் பத்திரமாக வையுங்கள். முப்பது வருடம் கழித்துப் புரை எடுக்கும்போது, உள்ளே வைக்கும் லென்ஸின் பவரைக் கணக்கிட டாக்டர் அவற்றைக் கேட்பார். செதுக்கிய கருவிழியில் வழக்கமான கணக்கு சரியாக வராது.