உருக்காலையும் உதைபந்தும்: றெஷிற்சா நகர விளையாட்டுக் கழகம் பற்றிய ஒரு சமூகவியல் நோக்கு

1

விளையாட்டு ஆராய்ச்சிக்குரிய பொருளன்று என்னும் எண்ணம் எம் போன்ற இலக்கிய மாணவரிடையே நெடுங்காலமாக வேரூன்றியுள்ளது. கவிதையையும் நாடகத்தையும் அவை தோன்றிய சமூக அடித்தளத்தோடு பொருத்தி நோக்கப் பழகிய நாம், ஆயிரக்கணக்கான உழைப்பாளர் ஓய்வு நாளிலே கூடிநின்று ஆர்ப்பரித்த மைதானத்தைப் பண்பாட்டாய்வின் எல்லைக்குப் புறத்தே நிறுத்தி வந்துள்ளோம். இது விளையாட்டின் குறைபாடன்று; எமது நோக்கின் குறைபாடேயாம். மேற்கிந்தியச் சிந்தனையாளர் சி. எல். ஆர். ஜேம்ஸ் 1963இல் வெளியிட்ட நூலிலே, காலனித்துவ சமூகத்தின் வர்க்க, நிற உறவுகள் வெளிப்படும் களமாகக் கிரிக்கெட்டைக் கண்டார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்கூற்றிலே பிரித்தானியத் தொழிலாள வர்க்கப் பண்பாட்டில் உதைபந்தாட்டம் பெற்ற இடத்தை எரிக் ஹொப்ஸ்போம் சுட்டிக்காட்டியுள்ளார். இவ்விருவரும் திறந்துவிட்ட பாதையிலே நின்று, றுமேனியாவின் சிறு நகரொன்றின் விளையாட்டுக் கழகத்தை நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

நாம் எடுத்துக்கொண்ட நகர் றெஷிற்சா. நாட்டின் தென்மேற்கே, பனாற் பிரதேசத்து மலைகளிடையே அமைந்தது. கராஷ்-செவெரின் மாவட்டத்தின் தலைநகர். உதைபந்தாட்டம், கைப்பந்தாட்டம் எனப் பல துறைகளிலே இந்நகரின் அணிகள் நாடறிந்த பெயர் ஈட்டியுள்ளன. எனினும் எமது அக்கறை வெற்றி தோல்விப் பட்டியலில் இல்லை. கழகம் யாருடையது? இவ்வெளிய வினா இந்நகரின் நூறாண்டு வரலாற்றிலே நான்கு வேறுபட்ட விடைகளைப் பெற்றது. அவ்விடைகளையே ஈண்டு ஆராய விழைகின்றோம்.

2

றெஷிற்சாவில் நகரம் ஆலையைப் பெறவில்லை. ஆலையே நகரத்தைப் பெற்றது. 1771 யூலை 3ஆம் நாள் இங்கு முதல் ஊதுலைகள் ஏற்றப்பட்டபோது பனாற் பிரதேசம் ஹப்ஸ்பேர்க் ஆட்சியின் கீழ் இருந்தது. ஜேர்மன் மொழி பேசுவோரும் றுமேனியரும் ஹங்கேரியரும் தென்சிலாவியரும் இங்கு அருகருகே உழைத்தனர். 1872இல் இவ்வாலையிலிருந்து முதல் நீராவி இயந்திரத் தொடர்வண்டி வெளிவந்தது. முதலாம் உலகப் போரின் முடிவில் ஒஸ்ரிய-ஹங்கேரியப் பேரரசு சிதைய, நகரம் றுமேனியாவின் பகுதியாயிற்று. 1920இல் ஆலைகளும் சுரங்கங்களும் காடுகளும் ஒரே பங்குக் கம்பனியின் உடைமையாக ஒழுங்கமைக்கப்பட்டன. 'றெஷிற்சா இரும்பாலைகளும் நிலவுடைமைகளும்' என்பது அக்கம்பனியின் பெயர்; அதன் றுமேனிய முதலெழுத்துகளைக் கொண்டு யூ.டி.ஆர். என வழங்கிற்று. இரு போர்களுக்கும் இடைப்பட்ட றுமேனியாவின் மிகப் பெரிய தொழில் நிறுவனங்களுள் ஒன்றாக அது விளங்கியது.

1926இல் தோன்றிய உதைபந்தாட்டக் கழகம் இக்கம்பனியின் பெயரையே தாங்கியது. இதில் வியப்பொன்றுமில்லை. கம்பனியே வேலையையும் வீட்டையும் வழங்கும் நகரிலே, ஓய்வையும் அதுவே வழங்க முற்படுவது இயல்பு. முதலாளித்துவம் தொழிலாளியின் உழைப்பு நேரத்தை மட்டுமன்றி ஓய்வு நேரத்தையும் ஒழுங்கமைக்க விரும்புகிறது. மதுக்கடையிலும் தொழிற்சங்கக் கூட்டத்திலும் கழியக்கூடிய நேரம் மைதானத்தில் கழியுமாயின் அது கம்பனிக்கு ஆதாயமே. கழகம் முதலாளியின் தந்தைமைப் பண்பினது கருவி என்பது இவ்வாறு பெறப்படுகிறது.

ஆனால் இம்முடிபோடு நின்றுவிடுதல் இயங்கியல் நோக்காகாது. றெஷிற்சா அணி 1930-31 பருவத்தில் றுமேனியாவின் தேசிய வாகையர் பட்டத்தை வென்றது. உலகப் பொருளாதார மந்தம் நாட்டை அழுத்திய காலம் அது. இதே காலப்பகுதியில் புக்கரெஸ்ற் நகரில் நிகழ்ந்தவற்றை ஒப்புநோக்குதல் பயன் தரும். 1923இல் புகையிரதத் தொழிலாளர் அமைத்த கழகமே பின்னாளில் 'றப்பிட்' எனப் புகழ்பெற்றது. அது கிரிவித்சா புகையிரதப் பட்டறைத் தொழிலாளரிடையே தோன்றியது. பத்தாண்டுகளின் பின், 1933 பெப்ரவரியில், அதே பட்டறைகளிலே வேலைநிறுத்தம் வெடித்தது. படையினர் தொழிலாளர் மீது சுட்டனர். ஒரே பட்டறை பந்தையும் தந்தது, போராட்டத்தையும் தந்தது. விளையாட்டில் ஈடுபட்ட வர்க்கம் போராட மறந்துவிடும் என்னும் கூற்று இதனால் வலுவிழக்கிறது. ஒன்றுகூடும் பழக்கமும் ஓரணி என்னும் உணர்வும் கம்பனியின் கணக்குப் புத்தகத்துக்குள் முற்றாக அடங்குவன அல்ல.

3

கழகங்களின் பெயர்மாற்றம் இலக்கிய மாணவரது கவனத்தைத் தனியே ஈர்க்கத்தக்கது. பெயர் என்பது மிகச் சுருங்கிய பிரதி. உடைமை உறவுகள் அதிலே படிந்து கிடக்கின்றன.

1948 யூன் 11ஆம் நாள் றுமேனியாவின் பெருந்தொழில்கள் நாட்டுடைமையாக்கப்பட்டன. கம்பனியின் பெயர் கழகத்திலிருந்து நீங்கிற்று. சோவியத் முன்மாதிரியைத் தழுவி, நாடெங்கும் கழகங்கள் தொழிற்றுறைகளின் அடிப்படையில் பெயர் பெற்றன: புகையிரதத்தார்க்கு 'லொக்கொமொற்றிவா', மாணவர்க்கு 'ஸ்ரீன்த்சா', உலோகத் தொழிலாளர்க்கு 'மெற்றாலுல்'. இராணுவமும் உள்நாட்டு அமைச்சும் தலைநகரில் தத்தம் பெருங்கழகங்களை அமைத்தன. பின்னதன் கழகமே 1948இல் தோன்றிய டினாமோ.

இப்பின்னணியிலேதான் 1954ஆம் ஆண்டின் றுமேனியக் கிண்ண இறுதியாட்டத்தின் பொருள் புலப்படும். இரண்டாம் பிரிவில் ஆடிக்கொண்டிருந்த 'மெற்றாலுல் றெஷிற்சா', புக்கரெஸ்ற் டினாமோவை இரண்டுக்குப் பூச்சியம் என்ற கணக்கில் வென்றது. ஒருபுறம் உள்நாட்டு அமைச்சின் அணி. மறுபுறம் மலைநாட்டு உருக்காலை நகரின் அணி. இரண்டுமே சோசலிச அரசின் கழகங்கள்தாம். எனினும், தன்னைத் தொழிலாளர் அரசு என அழைத்துக்கொண்ட அமைப்பினுள் அதிகாரத்துக்கும் ஆலைக்குமிடையே இருந்த தூரம் அன்று மைதானத்திலே கண்கூடாயிற்று. ஓர் ஆட்டத்தின் மீது அளவுக்கு மிஞ்சிய பொருளை ஏற்றுவதை நாம் விரும்பவில்லை. ஆயின் பார்வையாளர் தம் வாழ்வின் பொருளை ஏற்றியே ஆட்டத்தைக் காண்கின்றனர் என்பதை மறுத்தலும் இயலாது.

பின்னர் வழக்கிற்கு வந்த பெயர் சி.எஸ்.எம். றெஷிற்சா. அக்காலத்தில் இவ்வாறு பெயர்பூண்ட கழகங்கள் பலவற்றில் 'எம்' என்னும் எழுத்து 'முன்சித்தொரெஸ்க்' என்ற சொல்லைக் குறித்தது. 'தொழிலாளர்க்குரிய' என்பது அதன் பொருள். இவ்வெழுத்தை மனங்கொள்ளுதல் வேண்டும். மீண்டும் இதற்குத் திரும்புவோம்.

4

முற்போக்கு நோக்குடையோர் சோசலிச காலத்துச் சாதனைகளை மட்டும் எடுத்துரைத்து அமைதல் நேர்மையாகாது. சாதனைகள் உண்மையானவை. பல துறைக் கழகம் என்னும் அமைப்பே ஒரு சமூகக் கொள்கையின் வெளிப்பாடு. உதைபந்தாட்டம் ஈர்க்கும் கூட்டமும் பணமும் மற்போருக்கோ மெய்வல்லுநர் போட்டிக்கோ கிடைப்பதில்லை. ஒரே கூரையின் கீழ் அவற்றைப் பேணும்போது, வருவாயற்ற துறையும் வாழ வழியுண்டாகிறது. வேலைக்கும் பாதுகாப்புக்கும் ஆயத்தமாதலைக் குறித்த ஜி.எம்.ஏ. சின்னமும், 1977இல் தொடங்கப்பட்ட 'டசியாடா' என்னும் நாடளாவிய போட்டியும் விளையாட்டை வெகுசனப்படுத்தும் முயற்சிகளாக முன்வைக்கப்பட்டன. எண்ணெய், இரசாயனத் தொழிலைச் சார்ந்து வளர்ந்த ஒனெஷ்ற் என்னும் சிறு நகரிலே பயிற்சி பெற்ற நாடியா கொமனேச்சி, 1976இல் மொன்றியல் ஒலிம்பிக்கில் நிறைபுள்ளியாகிய பத்தினைப் பெற்றமை, சிறு நகரங்களிலும் பயிற்சி வசதிகளை நிறுவியதன் விளைவுகளுள் ஒன்று.

ஆயினும் முரண்பாடுகள் கூர்மையானவை. முன்னணி வீரர் ஏட்டளவில் ஆலையின் பொருத்துநராகவோ அலுவலகத்தின் எழுதுவினைஞராகவோ பதிவு பெற்றிருந்தனர். உண்மையில் அவர்தம் முழுநேரத் தொழில் விளையாட்டே. தொழில்முறை ஆட்டம் ஒழிக்கப்பட்டதாகப் பறைசாற்றிய அமைப்பு, அதனை மறைத்து வைத்தது. வெகுசன விளையாட்டு என்பது பல வேளைகளில் புள்ளிவிவர அறிக்கையாகச் சுருங்கியது. அதிகாரத்தின் அண்மை ஒரு கழகத்தை எங்ஙனம் உயர்த்தும் என்பதற்கு ஸ்கொர்னிச்செஷ்ற் சான்றாகும். சௌசெஸ்கு பிறந்த அச்சிற்றூரின் அணி 1979இல் முதற்பிரிவை எட்டியது. 1989இல் அவர் வீழ்ந்ததை அடுத்து அப்பிரிவிலிருந்து அகற்றப்பட்டது.

அடிப்படையான முரண்பாடு இதுவே: கழகம் தொழிலாளரின் பெயரால் இயங்கியது; ஆனால் தொழிலாளர் அதனை இயக்கவில்லை. தீர்மானங்கள் கட்சியினதும் அமைச்சினதும் நிருவாகத்தினதும் மட்டத்திலே எடுக்கப்பட்டன. உடைமை பொதுவாயிற்று, அதிகாரம் பொதுவாகவில்லை. இதனை உணராவிடின், 1989க்குப் பின் அக்கழகங்களைக் காக்கப் பெருந்திரளானோர் ஏன் எழவில்லை என்பதையும் விளங்கிக்கொள்ள இயலாது. தாம் நடத்தாத ஒன்றைத் தம்முடையது எனக் காக்க எவரும் பழகியிருக்கவில்லை.

5

1989க்குப் பிந்திய மாற்றத்தை எண்களே கூறும். 1992ஆம் ஆண்டுக் குடிசனக் கணக்கெடுப்பில் றெஷிற்சாவின் சனத்தொகை ஏறத்தாழ 97,000. அது 2011இல் 73,000 அளவுக்கும், 2021இல் 58,000 அளவுக்கும் வீழ்ந்தது. ஒரு தலைமுறைக் காலத்துள் பத்துப் பேரில் நால்வர் குறைந்தனர். உருக்காலை தனியார்மயமாயிற்று, 2000ஆம் ஆண்டில் அதனைப் பொறுப்பேற்ற அமெரிக்கக் கம்பனியின் முயற்சி தோல்வியில் முடிந்து, றுமேனிய அரசுக்கெதிரான பன்னாட்டு நடுத்தீர்ப்பு வழக்காகவும் உருவெடுத்தது. 2004இல் ஆலை ரசியக் குழுமமொன்றின் கைக்கு மாறிற்று.

ஆலை விற்கப்படும்போது விற்கப்படுவது உலையும் இயந்திரமும் மட்டுமே. மைதானமும் பயிற்றுநரும் சிறுவர் அணியும் கொள்வனவாளரின் கணக்கில் செலவினங்களாகவே தோன்றும். உற்பத்தியோடு பிணைந்திருந்த ஓய்வும் பண்பாடும் அதிலிருந்து அறுத்தெடுக்கப்பட்டமையே தனியார்மயத்தின் பேசப்படாத விளைவாகும்.

இவ்வீழ்ச்சியின் நடுவே வியப்புக்குரியதொரு நிகழ்வும் உண்டு. நகரின் இயந்திர ஆலையான யூ.சி.எம். இன் பெயரைத் தாங்கிய ஆடவர் கைப்பந்தாட்ட அணி 2007, 2008, 2009 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் ஐரோப்பியச் சவால் கிண்ணத்தைத் தொடர்ந்து வென்றது. ஐரோப்பிய அரங்குகளிலே ஆலையின் பெயர் முழங்கிய ஆண்டுகள் ஆலையின் செழிப்புக் காலமன்று. 2011இன் இறுதியில் யூ.சி.எம். நொடிப்பு நடைமுறைக்கு உட்பட்டது. அடித்தளம் தளர்ந்த பின்னரும் அதன் மேலெழுந்த பண்பாட்டு வடிவம் சிலகாலம் தன் வலுவாலேயே நிற்கக்கூடும் என்பதற்கு இதனிலும் தெளிந்த எடுத்துக்காட்டைக் காண்டல் அரிது. அடித்தளமும் மேற்கட்டுமானமும் ஒன்றுக்கொன்று பொறிமுறையாக இயைவதில்லை என்ற உண்மையை இலக்கிய வரலாற்றிலே நாம் கண்டிருக்கிறோம். விளையாட்டிலும் அது பொருந்துகிறது.

மற்றொரு செய்தியும் கருத்திற் கொள்ளத்தக்கது. 1980இல் இந்நகரிற் பிறந்த கிறிஸ்ரியன் கீவு, இக்கழகத்திலேயே ஆடத் தொடங்கினார். பின் கிறயோவா, அம்ஸ்ரடாம், றோம், மிலான் எனச் சென்றார். 2010இல் ஐரோப்பிய வாகையர் கிண்ணத்தை வென்ற இன்ரர் மிலான் அணியில் இடம்பெற்றார். அவர் தந்தை மிர்சியா கீவு இதே கழகத்தின் ஆட்டக்காரர். நகரின் மைதானம் இன்று தந்தையின் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஒருகாலத்தில் தொடர்வண்டிகளை ஆக்கி அனுப்பிய நகரம், இப்போது மனிதரை அனுப்புகிறது. புகழ்பெற்ற வீரனொருவனின் பயணத்தைச் செய்தித்தாள் கொண்டாடுகிறது; பிழைப்புத் தேடி மேற்கு ஐரோப்பாவுக்குச் சென்ற எண்ணற்றோரின் பயணம் அதே பொருளாதார விதியால் நிகழ்ந்தது என்பதை அது கூறுவதில்லை.

6

இனி அந்த 'எம்' என்னும் எழுத்துக்குத் திரும்புவோம். 2000ஆம் ஆண்டின் 69ஆம் இலக்கச் சட்டம் றுமேனிய விளையாட்டின் அமைப்பை ஒழுங்குபடுத்தியது. தனியார் கழகங்களோடு பொதுச் சட்டத்தின் கீழ் அமையும் கழகங்களையும் அது ஏற்றுக்கொண்டது. நாடெங்கும் நகரசபைகள் இவ்வடிவத்தைக் கைக்கொண்டன. இன்று றுமேனியாவின் நகரங்கள் பலவற்றிலே காணப்படும் சி.எஸ்.எம். என்ற பெயரின் 'எம்' தொழிலாளரைக் குறிப்பதன்று. 'முனிசிப்பால்', அதாவது நகரசபைக்குரியது, என்பதே அதன் பொருள். எழுத்து மாறவில்லை; வர்க்கத்தின் இடத்தில் நகராட்சி வந்து அமர்ந்துவிட்டது.

இதனை வெறும் இழப்பாகக் கொள்ளலாமா? எமது கருத்து அதுவன்று. ஆலையே ஒடுங்கிய நகரில் ஆலைக் கழகம் மீளாது. சந்தையிடம் விடின் உதைபந்தாட்டம் மட்டும் எஞ்சும், அதுவும் புரவலர் ஒருவரின் விருப்பம் நீடிக்கும் வரை. பொதுநிதியால் நடைபெறும் பல துறைக் கழகமே, வருவாய் தராத விளையாட்டுக்கும் வசதியற்ற சிறுவர்க்கும் இடமளிக்கக்கூடிய வடிவமாக எஞ்சி நிற்கிறது. ஆனால் அது தன்னியல்பாகவே மக்கள் கழகம் ஆகிவிடாது. நகரசபையின் நிதி வெளியூர் வீரரை ஒரு பருவத்துக்கு ஒப்பந்தம் செய்து, தேர்தல் மேடையில் காட்டத்தக்க வெற்றியை வாங்கவும் செலவாகலாம்; ஊர்ச் சிறுவர்க்குப் பயிற்றுநரையும் நீச்சற் குளத்தையும் வழங்கவும் செலவாகலாம். இரண்டுக்கும் பெயர் ஒன்றே, உள்ளடக்கம் வேறு.

கம்பனி, தொழிலாளர் அரசு, சந்தை, நகரசபை ஆகிய நான்கும் றெஷிற்சாவின் விளையாட்டை அடுத்தடுத்துத் தமதாக்கின. எக்கட்டத்திலும் விளையாடியோரும் பார்த்தோரும் பயிற்றியோரும் அதன் கணக்கேட்டைத் திறந்து பார்க்கும் உரிமை பெற்றோராக இருந்தனர் எனக் கூற இயலவில்லை. ஆயினும் நான்கு உரிமையாளரையும் கடந்து கழகத்தைக் காத்தோர் அவர்களே. 1972இல் தொடர்வண்டி ஆக்கத்தின் நூற்றாண்டையொட்டி இந்நகரில் பழைய நீராவி இயந்திரங்கள் திறந்தவெளி அருங்காட்சியகத்தில் நிறுத்தப்பட்டன. இயந்திரத்தை அருங்காட்சியகத்தில் வைக்கலாம். கழகத்தை அவ்வாறு வைக்க முடியாது. ஆடுவோர் இருக்கும் வரைதான் அது கழகம். அவ்வாடுவோர் அதன் தீர்மானங்களிலும் பங்காளராகும் நாளிலேயே, கழகம் யாருடையது என்னும் வினா தன் ஐந்தாவது விடையைப் பெறும் என்பது எமது துணிபு.